வரைபடத்தில் ஸ்டோர் என்று போட்ட அறை

மெல்பர்னில் எனக்கு முதல் வேலை கிடைத்தது காலுறையில் இருந்த ஓட்டையால்தான். என் கணவர் இதை ஒத்துக்கொள்ள மாட்டார். இரண்டு நாள் உட்கார்ந்து தான் திருத்திக் கொடுத்த பயோடேட்டாவால் கிடைத்தது என்பது அவர் கட்சி. அந்தப் பயோடேட்டாவை யாரும் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை என்பதற்கு நானே சாட்சி.

அலுவலகம் ஒரு ரொட்டிக்கடைக்கு மேல் மாடியில் இருந்தது. கதவைத் தட்டினேன். உயரமாக, வெளுப்பாக, சிரிப்பு என்றால் என்னவென்றே தெரியாத முகத்தோடு ஒருவர் திறந்தார். அறுபதைத் தாண்டிய வயது. காலில் சாம்பல் நிறக் கம்பளிச் செருப்பு. உள்ளே கண்ணாடி மாதிரி துடைத்த மரத்தரை. திருச்சியில் வளர்ந்த காலுக்கு இதற்கு மேல் யாரும் சொல்ல வேண்டியதில்லை. ஷூவைக் கழற்றி வாசலில் விட்டுவிட்டு உள்ளே போனேன். போன பிறகுதான் வலது கால் கட்டைவிரல் காலுறையைப் பொத்துக்கொண்டு வெளியே வந்திருப்பது தெரிந்தது.

அவர் என் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். வெட்கத்தில் நான் ஒரு காலின் மேல் இன்னொரு காலை வைத்துக்கொண்டு கொக்கு மாதிரி நின்றேன்.

"யாராவது கழற்றச் சொன்னார்களா?" என்று கேட்டார்.

"இல்லை."

"திங்கட்கிழமை வாருங்கள்."

அவ்வளவுதான் நேர்காணல். எங்களுக்குள் பேச்செல்லாம் ஆங்கிலம். அவர் அதைச் செலவழித்த சிக்கனத்தைத் தமிழில் முடிந்தவரை அப்படியே தருகிறேன்.

அவர் எஸ்டோனியாக்காரர். பள்ளிக்கூடக் கட்டடங்களை மட்டும் வடிவமைக்கும் கட்டடக் கலைஞர். வீடு கேட்டு வருகிறவர்களை வாசலோடு அனுப்பிவிடுவார். ரயிலில், நாங்கள் குடியிருந்த புறநகரான வெரிபீக்குத் திரும்பும்போது எஸ்டோனியா எங்கே இருக்கிறது என்று போனில் தேடினேன். ரஷ்யாவை ஒட்டிக் கடலோரத்தில் துளியூண்டு நாடு. ஜனங்களை எல்லாம் கொண்டுவந்து விட்டால் சென்னையில் ஒரு மூலைக்குக் காணாது. அவர்கள் ஏன் இவ்வளவு குறைவாகப் பேசுகிறார்கள் என்று அந்தப் பக்கத்தில் போட்டிருக்கவில்லை.

அவரை எப்படிக் கூப்பிடுவது என்பது பெரிய பாடாக இருந்தது. இந்த ஊர் வழக்கப்படி பெயர் சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை. 'சார்' என்றால் "நான் ஆசிரியர் இல்லை, ஆசிரியர்களுக்கு அறை கட்டுகிறவன்" என்பார். கடைசியில் ஆறு வருடத்தையும் 'எக்ஸ்கியூஸ் மீ' என்றே ஓட்டிவிட்டேன்.

என் வேலை வரைபடம் வரைவது. ஊரில் நான் வாங்கிய கட்டடக் கலைப் பட்டத்தை இங்கே யாரும் பட்டமாக எடுத்துக்கொள்ளவில்லை. அவருக்கும் வந்த புதிதில் அதே கதிதான். சோவியத் உடைந்த கொஞ்ச நாளில் வந்தவரை ஒரு பெரிய அலுவலகம் சேர்த்துக்கொண்டு, முதல் இரண்டு வருடம் பள்ளிக்கூடக் கழிப்பறை மட்டும் வரையவிட்டதாம். "நல்ல கழிப்பறைகள்" என்று அதையும் பெருமையாகத்தான் சொன்னார்.

சேர்ந்த முதல் வாரத்தில் பழைய வரைபடங்களைக் கணினியில் ஒழுங்குபடுத்தச் சொன்னார். ஒவ்வொன்றாகத் திறந்தபோது ஒரு விஷயம் கண்ணில் பட்டது. அவர் வரைந்த எல்லாப் பள்ளிக்கூடத்திலும், வாசலுக்கும் வகுப்பறைக்கும் நடுவில் ஒரு அறை இருந்தது. நீளமான பெஞ்சு, தாழ்வான சின்னச் சின்னத் தட்டுகள், பெரிய ஜன்னல், பெஞ்சுக்கு அடியில் வெதுவெதுப்புக்கு ஒரு ஹீட்டர். பெயர்: செருப்பு அறை. அடுத்த வரைபடத்தில், அதாவது கட்டுவதற்காகக் கையெழுத்தான வரைபடத்தில், அந்த அறை இருக்காது. எந்தப் பள்ளிக்கூடத்தை எடுத்தாலும் இதே கதை.

கேட்டேன். அவர் நாட்டில் குழந்தைகள் பனியில் நடந்து வந்து, பூட்ஸைக் கழற்றி வைத்துவிட்டு, உள்ளே போட்டுக்கொள்ள என்று வைத்திருக்கும் மெத்தென்ற செருப்பை மாட்டிக்கொண்டுதான் வகுப்புக்குள் போவார்களாம். வெளிச்செருப்போடு வகுப்பில் நுழைவது நினைத்தே பார்க்க முடியாத காரியம்.

"இங்கே அப்படியே உள்ளே போகிறார்கள். பிறகு அதே தரையில் உட்கார்ந்து கதை கேட்கிறார்கள்" என்றார். இதைச் சொல்லும்போது மட்டும் அவர் முகத்தில் ஏதோ அசைந்தது.

எனக்கு அந்த மனிதரை அன்றைக்கே பிடித்துப்போயிற்று. நான் இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து வயிறெரிந்துகொண்டிருந்த விஷயம் அது. குழாய் ரிப்பேருக்கு வருகிறவன் வீட்டுக்குள் பூட்ஸோடு நடப்பதைப் பார்த்துப் பல்லைக் கடித்துக்கொண்டு நின்ற நாள்கள் எத்தனையோ. அதே எரிச்சலை ஒரு எஸ்டோனியாக்காரர் முப்பது வருடமாகக் கட்டடமாகவே வரைந்துகொண்டிருந்தார்.

ஒரு முறை வேறு வேலையாகப் போனபோது, தான் கட்டிய இரண்டு மூன்று பள்ளிக்கூடங்களைக் காட்டினார். மற்றவர்கள் கட்டியதைக் காட்டுவார்கள். இவர் கட்டாததைக் காட்டினார். ஒரு பள்ளியில் செருப்பு அறை இருந்திருக்க வேண்டிய இடத்தில் ஜெராக்ஸ் மெஷின் இருந்தது. இன்னொன்றில் கேண்டீனின் ஐஸ் பெட்டி. அதற்கு முன்னால் கையைக் கட்டிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். ஐஸ் எடுக்க வந்த பெண்மணி எங்களை ஃப்ரிட்ஜ் ரிப்பேர்காரர்கள் என்று நினைத்து, சத்தம் வருகிறது, கொஞ்சம் பாருங்கள் என்றார். இவர் குனிந்து பார்த்து ஏதோ ஒரு திருகை முறுக்கினார். சத்தம் நின்றுவிட்டது.

வெரிபீக்கு அப்பால், புல்தரையும் ஆடுமாக இருந்த இடத்தில் புதிய வீட்டுமனைகள் எழும்பிக்கொண்டிருந்தன. அங்கே ஒரு ஆரம்பப் பள்ளிக்கூடம் கட்டும் வேலை எங்களுக்கு வந்தது. என் வீட்டிலிருந்து நடக்கிற தூரம். என் மகள் படிக்கப்போகிற பள்ளிக்கூடமும் அதுதான். படங்களை விரித்து வைத்துக்கொண்டு, "இது கடைசி. இதற்குப் பிறகு அலுவலகத்தை மூடுகிறேன்" என்றார். பென்சிலை எடுத்து முதல் கோடாக அந்த அறையைத்தான் போட்டார். சின்ன வகுப்புகளின் கட்டடத்தில், வாசலுக்கு நேராக. ஒரே ஒரு முறையாவது அது எழும்பி நிற்பதைப் பார்த்துவிட வேண்டும் என்று அவர் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஆனால் அதைத் தவிர அவருக்கு வேறு ஆசை எதுவும் மிச்சமில்லை என்பது எனக்குத் தெரிந்தது.

செலவைக் குறைக்கும் கூட்டம் நடந்தது. எங்கள் தொழிலில் அதற்கு ரொம்ப மரியாதையான பெயர் வைத்திருக்கிறார்கள்; விஷயம் வெட்டுவதுதான். திட்ட மேலாளர் என்று ஒரு இளைஞர் வந்தார். கையில்லாத பஞ்சுக் கோட்டு, கையில் ஆரஞ்சு நிற மார்க்கர். காபியை உறிஞ்சிக்கொண்டே படத்தைப் பார்த்தவர் நேராகப் போய் அந்த அறையைச் சுற்றி ஒரு வட்டம் போட்டார்.

"ஷூ ரூம்? யாருக்கு வேணும் இது? நம்ம பசங்க ஷூவோடதானே இருப்பாங்க. டிலீட் பண்ணிடலாமா?"

எங்கள் எஸ்டோனியாக்காரர் சரி என்று தலையசைத்தார். ஆட்டை வெட்டக் கேட்டால் அதுகூட இன்னும் கொஞ்சம் யோசிக்கும். எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. கூட்டத்தில் வாயைத் திறந்தால் வேலை போய்விடும் என்பதால் காருக்குள் ஏறும்வரை பொறுத்துக்கொண்டேன்.

"ஒரு வார்த்தை பேசக்கூடாதா? சண்டை போடக்கூடாதா?" என்று கத்தினேன்.

"முப்பது வருடம் விளக்கினேன்" என்றார். "விளக்க விளக்கச் சீக்கிரம் வெட்டுகிறார்கள்."

அப்போதுதான் என் வாய் அதைச் சொன்னது. "எங்கள் ஊரில் வேண்டிய அறைக்கு உண்மையான பெயரை எவனாவது படத்தில் எழுதுவானா?"

அவர் திரும்பிப் பார்த்தார். நான் விளக்கினேன். மாநகராட்சியில் கொடுக்கும் வரைபடம் வேறு, எழும்பும் வீடு வேறு. படத்தில் 'ஸ்டோர்' என்றால் அது பூஜை அறை. 'கார் நிறுத்துமிடம்' என்றால் அது டியூஷன் சென்டர். எங்கள் வீட்டு மொட்டைமாடியில் 'தண்ணீர்த் தொட்டிக்கான அறை' என்று அனுமதி வாங்கிய இடத்தில்தான் என் சித்தப்பா குடும்பம் பதினோரு வருடம் குடியிருந்தது. அங்கேதான் அவர்களுக்கு இரண்டு பிள்ளைகள் பிறந்தன.

அவர் காரை ஓரமாக நிறுத்தினார். எங்கே என்னை இறக்கிவிட்டுவிடப் போகிறாரோ என்று பயந்துபோனேன்.

"என் முதல் கட்டடம் ஒரு கிராமத்துப் பள்ளிக்கூடம்" என்று ஆரம்பித்தார். "கூட்டுப் பண்ணைக்காகக் கட்டியது. ஊர்க்காரர்களுக்கு ஒரு சௌனா வேண்டும். மரத்தாலான நீராவி அறை, உட்கார்ந்து வியர்ப்பதற்கு. அதற்கு அனுமதி கிடையாது. நான் படத்தில் 'காய்கறி உலர்த்தும் அறை' என்று எழுதினேன்."

"மாட்டிக்கொள்ளவில்லையா?"

"நகரத்திலிருந்து அதிகாரி வந்தார். உள்ளே பார்த்தார். சட்டையைக் கழற்றிவிட்டு இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தார். காய்கறி நன்றாக உலர்கிறது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்."

அவர் வாயிலிருந்து நான் கேட்ட மிக நீளமான பேச்சு அதுதான். அவர் இருந்தது சோவியத், நான் இருந்தது திருச்சி மாநகராட்சி. இரண்டு பேரும் ஒரே வாத்தியாரிடம் படித்தவர்கள் மாதிரி ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

எங்கள் புதிய பள்ளிக்கூடத்தின் படத்தில் ஏற்கெனவே மூன்று ஸ்டோர்கள் இருந்தன. மறுநாள் காலை நான் 'ஷூ ரூம்' என்ற எழுத்தை அழித்துவிட்டு 'ஸ்டோர் 4' என்று அடித்தேன். அறை அங்குலம்கூட நகரவில்லை. அடுத்த கூட்டத்தில் திட்ட மேலாளர் அதைப் பார்த்துவிட்டு, "சூப்பர், ஸ்டோரேஜ் எப்பவுமே பத்தாது" என்று பாராட்டினார். எஸ்டோனியாக்காரர் வழக்கம்போல் முகத்தை அசைக்கவில்லை. நான் மேஜைக்கு அடியில் என் தொடையைக் கிள்ளிக்கொண்டிருந்தேன்.

ஆனால் ஒரு பொய்யைக் கட்டடமாகக் கட்டுவது லேசான வேலை இல்லை. எத்தனையோ பேர் படத்தைப் படிக்கிறார்கள், ஒவ்வொருவரும் ஒரு கேள்வி கேட்கிறார்கள். ஸ்டோருக்கு எதற்கு ஜன்னல்? சாமான் கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்று எழுதினேன். ஸ்டோருக்கு எதற்கு இரண்டு கதவு? சாமான் ஒரு பக்கம் வரும், இன்னொரு பக்கம் போகும். பெஞ்சு? மேல் தட்டை எட்டுவதற்கு ஏறி நிற்க. மேல் தட்டே இல்லையே என்று ஒருவரும் கேட்கவில்லை. ஹீட்டர் விஷயத்தில்தான் திணறிவிட்டேன். ஸ்டோருக்கெல்லாம் சூடேற்றுவதில்லை என்று ஹீட்டருக்குப் பொறுப்பான பொறியாளர் ஒற்றைக் காலில் நின்றார். 'ஈரத்தால் கெட்டுப்போகும் பொருள்கள் வைக்கப்படும்' என்று எழுதி அனுப்பினேன். நனைந்த காலுறையும் ஒரு பொருள்தானே. இதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை என்று எஸ்டோனியாக்காரர் அதைப் படித்துவிட்டுத் திருப்தியோடு சொன்னார்.

கட்டடம் எழும்பியது. தட்டுகளையும் பெஞ்சையும் செய்தவர் ஒரு தச்சர். நம் ஆள், இலங்கையில் வவுனியாப் பக்கம். படகில் வந்தவர், பல வருடங்களாகத் தற்காலிக விசாவிலேயே இருப்பவர். ஒரு நாள் நான் வேலை நடக்கும் இடத்துக்குப் போனபோது, அளவெடுத்துக்கொண்டிருந்தவர் தமிழ் முகத்தைப் பார்த்ததும் நிமிர்ந்தார்.

"அக்கா, நீங்கள்தானோ இதைக் கீறினது?"

"ஆமா, ஏன்?"

"ஸ்டோர் எண்டு போட்டுக் கிடக்கு. வாசலுக்குப் பக்கத்தில, நிலத்தோட ஒட்டி, ஒரு சாண் உயரத்தில தட்டு." குரலைத் தாழ்த்தினார். "இது சப்பாத்து வைக்கிற இடமெல்லோ?"

சப்பாத்து என்றால் அவர்கள் ஊரில் ஷூ. எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. எத்தனை பொறியாளர்கள் பார்த்தும் கண்டுபிடிக்காத ரகசியம் இது. "யாருக்கிட்டயும் சொல்லிடாதீங்க" என்று கெஞ்சினேன்.

"ஓம் ஓம், விளங்குது. நான் ஏன் சொல்லப்போறன்?" என்று சிரித்தார். "ஆனா பாக்கிற ஆக்களுக்கு விளங்காதே அக்கா? கோயில் வாசல் மாதிரியெல்லோ கிடக்கு."

தச்சர் பேச்சைக் கேட்டு நான் பயந்திருக்க வேண்டும். பதிலாகத் தைரியம்தான் வந்தது. பார்த்தால் யாருக்கும் புரிந்துவிடும், பள்ளிக்கூடம் திறந்ததும் பிள்ளைகள் தாமாகவே கழற்றி வைப்பார்கள், வாயைத் திறந்து யாருக்கும் எதையும் சொல்லவே வேண்டாம் என்று நான் முடிவு கட்டிவிட்டேன். எஸ்டோனியாக்காரரும் அதையேதான் நினைத்திருந்தார். வாசலில் தாழ்வாக ஒரு தட்டைப் பார்த்தால் எங்கள் ஊரிலும் அவர் ஊரிலும் கால் தானாக நின்றுவிடும். உலகத்தில் மற்றவர்களுக்கு நிற்காது என்பது இரண்டு பேர் மண்டையிலும் ஏறவில்லை.

ஜனவரிக் கடைசியில் பள்ளிக்கூடம் திறந்தது. எங்களைச் சுற்றிக் காட்டக் கூப்பிட்டிருந்தார் தலைமை ஆசிரியை. உற்சாகமான பெண்மணி, பேசும்போது கைகளும் சேர்ந்து பேசும். அந்த அறைக்கு முன்னால் வந்தபோது கதவில் பளபளவென்று பலகை. ஸ்டோர் 4. கதவில் பூட்டு. ஸ்டோர் என்று படத்தில் போட்டால் பூட்டும் பலகையும் தானாக வந்து சேரும் என்பதை நாங்கள் மறந்தே போயிருந்தோம்.

தலைமை ஆசிரியை சாவியைப் போட்டுத் திறந்தார். உள்ளே தரையிலிருந்து ஜன்னல் வரை சாமான். மடக்கு நாற்காலிகள், வளையங்கள், ஜெராக்ஸ் தாள் கட்டுகள். ஒவ்வொரு செருப்புத் தட்டிலும் ஒரு பசை டப்பா, ஒரு கத்தரிக்கோல் பெட்டி. பெஞ்சின் மேல் டமாரங்கள்.

"என் சர்வீஸ்லயே இவ்ளோ அருமையான ஸ்டோர் பார்த்ததில்லை!" என்று அந்த அம்மாள் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். "ஹீட்டர்கூட இருக்கு! பேப்பர் எல்லாம் நமுத்துப்போகாம மொறுமொறுன்னு இருக்கு!"

"நன்றி" என்றார் அவர்.

வெளியே வந்ததும் நான் பொரிந்து தள்ளினேன். உள்ளே போய் உண்மையைச் சொல்லிவிடலாம் என்றேன். அவர் வேண்டாம் என்று தலையாட்டினார். வெட்டிய அறையை வேறு பெயரில் கட்டிவிட்டோம் என்று இப்போது எந்த வாயால் சொல்வது? அதோடு, "அவர் சந்தோஷமாக இருக்கிறார். விடுங்கள்" என்றார். காரில் ஏறினோம். பாலத்தைத் தாண்டும்போது, "நல்ல ஸ்டோர்" என்று மட்டும் சொன்னார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. ஈஸ்டருக்கு முன்னால் அலுவலகத்தை மூடினார். நான் வேறு இடத்தில் வேலைக்குச் சேர்ந்தேன். அங்கே எல்லோரும் ஷூவோடு இருந்தார்கள்.

பிறகு மழைக்காலம் வந்தது.

எங்கள் பக்கத்து மண்ணைப் பற்றித் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். காய்ந்தால் பாறை, நனைந்தால் அல்வா. பாதி வீடுகள் எழும்பாத இடத்தில், நடைபாதையும் முடியாத நேரத்தில், பிள்ளைகள் ஆளுக்கு அரைக்கிலோ களிமண்ணோடு பள்ளிக்கூடத்துக்குள் நுழைந்தார்கள். புத்தம்புதுக் கம்பளத்தின் நிறம் ஒரே வாரத்தில் மாறிவிட்டது. தலைமை ஆசிரியையிடமிருந்து தினம் ஒரு மின்னஞ்சல் வந்தது. கால்களைத் துடைத்துவிட்டு அனுப்புங்கள். தயவுசெய்து துடையுங்கள். மிதியடி வைத்திருக்கிறோம். மிதியடியைக் காணவில்லை.

ஒரு புதன்கிழமை காலை, மகளைக் கூட்டிக்கொண்டு போனேன். சின்ன வகுப்புக் கட்டடத்தின் வாசலில் நீளமான வரிசை. அதன் முனையில், தூறலில் நனைந்தபடி, தலைமை ஆசிரியை ஒரு ஐஸ்கிரீம் குச்சியை வைத்துக்கொண்டு ஒவ்வொரு பிள்ளையின் ஷூவிலிருந்தும் மண்ணைச் சுரண்டிக்கொண்டிருந்தார். மணி அடித்து எவ்வளவோ நேரமாகியிருந்தது. அவருக்கு நாலடிக்குப் பின்னால் ஸ்டோர் 4 கதவு பூட்டிக் கிடந்தது.

என் பொறுமை அதோடு முடிந்தது.

"அது ஸ்டோர் இல்லை!" என்று கத்தினேன்.

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். என் மகள், "அம்மா, ப்ளீஸ், ஸ்டாப் இட்" என்று கையை உருவிக்கொண்டு வேறு யாரோ ஒருவரின் பிள்ளை மாதிரித் தள்ளிப் போய் நின்றாள்.

ஆரம்பித்ததை நிறுத்த முடியவில்லை. பெஞ்சு எதற்கு, தட்டு எதற்கு, ஹீட்டர் யாருக்கு, ஆரஞ்சு மார்க்கர், முப்பது வருடம், காய்கறி உலர்த்தும் அறை, என் சித்தப்பா எல்லாவற்றையும் கொட்டினேன். சித்தப்பா எதற்கு என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. தலைமை ஆசிரியை குச்சியைப் பிடித்தபடி வாயைத் திறந்து கேட்டுக்கொண்டிருந்தார். போலீசைக் கூப்பிடப் போகிறார் என்றே நினைத்தேன். அவர் கழுத்தில் தொங்கிய சாவிக்கொத்தை எடுத்தார்.

"டமாரத்தை எல்லாம் எங்கே வைக்கலாம்?" என்று கேட்டார்.

நின்றிருந்த பெற்றோரில் பாதிப்பேர் நம் பக்கத்து ஆட்கள். தெலுங்கு, பஞ்சாபி, குஜராத்தி, யாழ்ப்பாணம் எல்லாம் கலந்த கூட்டம். கதவு திறந்ததும், தட்டுகள் கண்ணில் பட்டதும், சாமான் தூக்கப் போனவர்கள் ஒருவர்விடாமல் முதலில் தங்கள் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே போனார்கள். அதைப் பார்த்துப் பிள்ளைகளும் உட்கார்ந்து கழற்ற ஆரம்பித்தார்கள். முக்கால் மணி நேரத்தில் அறை காலியாகி, செருப்பால் நிறைந்தது. ஐஸ்கிரீம் குச்சி குப்பைத்தொட்டிக்குப் போனது.

நான் மழையில் நின்றுகொண்டே அவருக்குப் போன் போட்டேன். "கழற்றுகிறார்கள்" என்றேன். "நாளைக்கு வருகிறேன்" என்றார்.

மறுநாள் வந்தார். கோட்டெல்லாம் போட்டுக்கொண்டு, ஏதோ கல்யாணத்துக்கு வந்தவர் மாதிரி. பிள்ளைகள் ஓடி வந்து பெஞ்சில் வரிசையாக உட்கார்ந்தார்கள். அவர் சுவரோரமாக நின்று பார்த்தார். நான் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கண் கலங்குவார், கலங்கினால் என்ன சொல்வது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அவர் புருவம் சுருங்கியது.

பிள்ளைகளின் கால்கள் அந்தரத்தில் தொங்கிக்கொண்டிருந்தன. ஒரு பையன் கால் தரையில் படாததால், பூட்ஸைப் பிடித்து இழுத்தபோது அப்படியே மல்லாக்கச் சாய்ந்து பக்கத்தில் இருந்தவள் மடியில் விழுந்தான். அவன் எழுந்திருப்பதற்குள் இன்னொருத்தி விழுந்தாள்.

அவர் பையிலிருந்து டேப்பை எடுத்து, மண்டியிட்டு, பெஞ்சை அளந்தார். பிறகு பக்கத்தில் நின்ற என் மகளின் முழங்காலைக் காட்டி அளக்கலாமா என்று அனுமதி கேட்டார். "ஓகே" என்றாள் அவள். அளந்தார். எண்ணைப் பார்த்தார். தலையில் அடித்துக்கொள்வது எஸ்டோனியாவிலும் உண்டு என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்.

"எங்கள் நாட்டில் பள்ளிக்கூடம் ஏழு வயதில்" என்றார். "இவர்களுக்கு ஐந்து."

கழிப்பறை, கைகழுவும் தொட்டி, கதவுப் பிடி எல்லாவற்றையும் ஐந்து வயதுக்குச் சரியாக அளந்து போட்டவர், இந்தப் பெஞ்சை மட்டும் தன் கிராமத்துப் பள்ளிக்கூடத்திலிருந்து அப்படியே எடுத்து முப்பது வருடம் வரைந்துகொண்டிருந்திருக்கிறார். ஒன்றும் கட்டப்படவில்லை. அதனால் ஒரு பிள்ளையும் விழவில்லை, அவருக்கும் தெரியவில்லை.

"தப்பு" என்றார். "முப்பது வருடமும் தப்பு." சொல்லிவிட்டுத் தரையில் உட்கார்ந்தபடியே சிரிக்க ஆரம்பித்தார். ஆறு வருடம் கூட இருந்த எனக்கு அவர் பற்களை அன்றைக்குத்தான் பார்க்கக் கிடைத்தது. கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார். பிள்ளைகளும் எதற்கென்று தெரியாமல் கூடச் சிரித்தார்கள்.

சனிக்கிழமை தச்சர் ரம்பத்தோடு வந்தார். "நான் அண்டைக்கே நினைச்சனான் அக்கா, உயரம் கூடிப்போச்சு எண்டு. படத்தில அப்பிடித்தானே கிடந்தது, நான் ஏன் வாயைத் திறப்பான்?" என்றார். எஸ்டோனியாக்காரர் ஒரு முனையைப் பிடித்துக்கொள்ள, தச்சர் பெஞ்சின் கால்களை ஒவ்வொன்றாக வெட்டினார். தலைமை ஆசிரியை தேநீர் போட்டுக் கொண்டுவந்தார், செருப்பில்லாமல்.

திங்கட்கிழமை காலை பள்ளி அலுவலகத்தின் வாசலில் எஸ்டோனியாக்காரரைப் பார்த்தேன். உள்ளே போவதற்கு முன்னால், பெயரை அடித்து, யாராக வந்திருக்கிறோம் என்பதை அங்கே ஒரு திரையில் தொட வேண்டும். மூன்று கட்டங்கள்: பணியாளர், விருந்தினர், பெற்றோர். அவர் ரொம்ப நேரம் யோசித்துக்கொண்டு நின்றார். பிறகு விரலை நீட்டித் தொட்டார். மெஷின் ஒரு சீட்டைத் துப்பியது. அதைக் கிழித்துக் கோட்டில் ஒட்டிக்கொண்டு திரும்பினார். 'பெற்றோர்' என்று இருந்தது.

"மாற்றித் தொட்டுவிட்டீர்கள்" என்றேன்.

"இல்லை" என்று சொல்லிவிட்டு, ஷூவைக் கழற்றக் குனிந்தார்.